பாடம் 12: இரண்டு தீவுகள்

மொன்றியல் ஒரு தீவு. அதைச் சுற்றி ஆறு ஓடுகிறது. யாழினியின் அம்மம்மா பிறந்த இலங்கையும் ஒரு தீவு. அதைச் சுற்றிக் கடல் இருக்கிறது.

ஒரு சனிக்கிழமை மாலை. வெளியே பனி கொட்டியது. யாழினி அம்மம்மாவிடம் ஒரு படத்தைக் காட்டினாள்.

“அம்மம்மா, இவை ஏன் கடற்கரையில மண் அரிக்கினம்?”

“மண்ணுக்குள்ள கிடக்கிற பிளாஸ்டிக்கை எடுக்கினம், பிள்ளை. 2021 மே மாதம் கொழும்புக்குக் கிட்ட ‘எக்ஸ்பிரஸ் பேர்ள்’ எண்ட கப்பல் தீப்பிடிச்சது. பிறகு தாண்டு போச்சு.”

“கப்பலில என்ன இருந்தது?”

“பருப்பு அளவு பிளாஸ்டிக் மணிகள். 1,600 தொன்னுக்கும் மேல! அலை அதைக் கரையில கொட்டினது. ஆமைகள் செத்து ஒதுங்கினது. மீன்பிடிச் சனம் தொழிலுக்குப் போக முடியாமல் கஷ்டப்பட்டது.”

“ஆர் துப்புரவாக்கினது?”

“கடற்படை வந்தது. பிறகு இளம் பிள்ளையளும் அரிதட்டோட வந்தவை. மா அரிக்கிற மாதிரி மண்ணை அரிச்சவை.”

“எல்லாம் எடுத்து முடிஞ்சுதோ?”

“இல்லை. ஆனா ஒரு பிடி எடுத்தால் ஒரு பிடி குறையும்தானே?”

மீனவர்களும் சூழல் ஆர்வலர்களும் வழக்குத் தொடுத்தார்கள். கப்பல் நிறுவனம் 100 கோடி அமெரிக்க டொலர் நட்டஈடு கொடுக்க வேண்டும் என்று 2025 இல் இலங்கை உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இலங்கை மக்கள் காட்டுக்காகவும் குரல் கொடுத்திருக்கிறார்கள். 1970களில் சிங்கராஜ மழைக்காட்டில் ஒட்டுப்பலகை செய்வதற்காக இயந்திரங்களால் மரம் வெட்டினார்கள். மக்கள் எதிர்த்தார்கள். 1977 இல் மரம் வெட்டுவது நின்றது. 1988 இல் யுனெஸ்கோ அந்தக் காட்டை உலக மரபுரிமை இடமாக அறிவித்தது. நீல உடலும் சிவந்த அலகும் கொண்ட ஒரு பறவை அங்கே வாழ்கிறது. அது இலங்கையைத் தவிர வேறு எந்த நாட்டிலும் இல்லை.

“அம்மம்மா, 2022 டிசம்பரில உலக நாடுகள் எங்கட மொன்றியலில கூடினவையாம். 2030க்குள்ள நிலத்திலயும் கடலிலயும் நூற்றுக்கு 30 பங்கைக் காக்கவேணும் எண்டு முடிவெடுத்தவையாம். ரீச்சர் சொன்னவ.”

“நல்லது, பிள்ளை.”

“காகிதத்தில எழுதினால் காணுமோ?”

அம்மம்மா சிரித்தார். “காணாது. அரிதட்டோட போறவையும் வேணும்.”

சொற்பொருள்
அரிதட்டு – மா அரிக்கும் தட்டு
நட்டஈடு – இழப்புக்காகக் கொடுக்கும் பணம்
மரபுரிமை – முன்னோர் வழியாக நமக்குக் கிடைத்த செல்வம்

பேச்சும் எழுத்தும்
அரிக்கினம் – அரிக்கிறார்கள்
ஆர் – யார்
எண்டு – என்று
தாண்டு போச்சு – மூழ்கிவிட்டது
காணாது – போதாது

பயிற்சி
1. கடற்கரையில் மண்ணை ஏன் அரித்தார்கள்?
2. சிங்கராஜக் காட்டில் மரம் வெட்டுவது எந்த ஆண்டில் நின்றது?
3. “கடற்படை வந்தது. பிறகு இளம் பிள்ளையளும் அரிதட்டோட வந்தவை.” இதை எழுத்துத் தமிழில் எழுதுக.
4. “ஒரு பிடி எடுத்தால் ஒரு பிடி குறையும்.” அம்மம்மா ஏன் இப்படிச் சொன்னார்? வீட்டில் பெரியவர்களோடு கதைத்து, ஐந்து வசனங்கள் எழுதுக.