மலைச்சுவரில் ஒரு வாசல்

ஆனி, ஆடி மாதங்களில் கோவைக்கு மேற்கே, வாளையாறு செல்லும் சாலையில் நின்றிருக்கிறீர்களா? காற்று ஆளையே தள்ளும். தென்னை ஓலைகள் எல்லாம் கிழக்கு நோக்கிப் பறக்கும். அந்த நாட்களில் வால்பாறையில் மழை கொட்டும். கோவையிலோ பெரும்பாலும் தூறலோடு சரி. காற்று ஒன்றுதான்; மழை மட்டும் ஏன் வேறுபடுகிறது?

தேசப்படத்தைப் பாருங்கள். மேற்குத் தொடர்ச்சி மலை, தபதி ஆற்றுக்குத் தெற்கிலிருந்து குமரி வரை ஏறத்தாழ 1,600 கி.மீ. நீளத்துக்கு வடக்குத் தெற்காக நிற்கிறது. அரபிக்கடலின் ஈரத்தைச் சுமந்துவரும் தென்மேற்குப் பருவக்காற்று இந்தச் சுவரில் மோதி மேலே ஏறுகிறது. உயரம் செல்லச் செல்லக் காற்று குளிரும். குளிர்ந்த காற்றில் நீராவி சுருங்கி மேகமாகி, மழையாகப் பொழிகிறது. மலையைத் தாண்டிக் கீழே இறங்கும் காற்று மீண்டும் சூடாகி வறண்டுவிடுகிறது. ஆகவே கிழக்குச் சரிவை அடுத்த கொங்குநாடு 'மழை மறைவுப் பிரதேசம்' ஆயிற்று. நமக்குப் பெருமழை ஐப்பசி, கார்த்திகையில்தான்.

அப்படியானால் நம்மைத் தள்ளிய காற்று எப்படி வந்தது? நீலகிரிக்கும் ஆனைமலைக்கும் நடுவே சுவரில் ஒரு வாசல் இருக்கிறது. அதுவே பாலக்காட்டுக் கணவாய். வடக்கே தொட்டபெட்டா 2,637 மீட்டர். தெற்கே ஆனைமுடி 2,695 மீட்டர். இடையே சுமார் 30 கி.மீ. அகலத்துக்குத் தாழ்ந்த நிலம்! காற்று இதன் வழியே நெருக்கிக்கொண்டு பாய்கிறது. உடுமலை, பல்லடம் பகுதிகளில் காற்றாலைகள் சுழல்வது இதனால்தான். பழங்காலத்தில் மேலைக் கடற்கரை வணிகர்கள் கொங்குநாட்டுக்கு வந்த வழியும் இதுவே. வெள்ளலூரில் ரோமானியக் காசுகள் கிடைத்துள்ளன. 1862-ல் மேற்குக் கரையிலிருந்து போத்தனூருக்கு ரயில் வந்ததும் இவ்வழியில்தான்.

மற்ற மலைகளும் இப்படித்தானா? தென் அமெரிக்காவின் ஆண்டீஸ் சுமார் 7,000 கி.மீ. நீளம், அதுவும் வடக்குத் தெற்கு. அதன் தென்பகுதியில் மேலைக்காற்று சிலி நாட்டில் மழையைக் கொட்டிவிடுகிறது. கிழக்கே படகோனியா வறண்டு கிடக்கிறது. நம் கதைதான்!

இமயமோ ஏறத்தாழ கிழக்கு மேற்காகக் கிடப்பது. அது மழையைத் தென்புறமே நிறுத்தித் திபெத்தை வறளவைக்கிறது. மத்திய ஆசியாவின் குளிர்க்காற்றையும் தடுக்கிறது. வட அமெரிக்காவின் ராக்கி மலைகள் வடக்குத் தெற்காக நிற்பதால் அங்கே அத்தகைய தடை இல்லை. ஆர்க்டிக் குளிர் சில சமயம் மெக்சிகோ வளைகுடா வரை இறங்கிவிடுகிறது.

ஆகவே மலைகளின் பெயரையும் உயரத்தையும் மனப்பாடம் செய்வதோடு நில்லாதீர்கள். எத்திசையில் நிற்கிறது? எந்தக் காற்று மோதுகிறது? வாசல் எங்கே? இம்மூன்றையும் கேளுங்கள்.

மலை மறித்த மழை நமக்கு முற்றிலும் இழப்பன்று. வெள்ளியங்கிரியில் பெய்தது நொய்யலாக வருகிறது. ஆனைமலையில் பெய்து மேற்கே ஓடும் நீரைப் பரம்பிக்குளம்–ஆழியாறு திட்டம் அணைகளாலும் சுரங்கங்களாலும் திருப்பி, பொள்ளாச்சி, உடுமலை வயல்களுக்குத் தருகிறது. மலைக்காடு அழிந்தால் பெய்யும் நீர் நிலத்தில் இறங்காது, மண்ணை அரித்துக்கொண்டு ஓடிவிடும்; சமவெளிக் கிணறும் அதை உணரும்.

செய்து பாருங்கள்: ஒரு கழியில் துணிக்கொடி கட்டி, ஆடி மாதத்திலும் ஐப்பசியிலும் நாள்தோறும் காற்றின் திசையையும் மழையையும் குறித்து வாருங்கள். உங்கள் ஊருக்கு மழை எந்த வாசலால் வருகிறது என்பது தெரிந்துவிடும்.