இல்லாமை வேறு, எளிமை வேறு

யாழ்ப்பாணத்து மக்களுக்கு எளிய வாழ்வைப் பற்றிப் படிப்பிக்க என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வியே. 1990இல் குடாநாட்டில் மின்சாரம் நின்றது. பொருளாதாரத் தடையால் மண்ணெண்ணெய் அருமையானது. ஜாம் போத்தலுக்குள் பஞ்சை வைத்து, சிறிதளவு எண்ணெய் விட்டு, அந்த வெளிச்சத்தில் பிள்ளைகள் படித்தார்கள். சைக்கிள் டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்டோம். 1995 ஒக்டோபர் 30ஆந் திகதி வலிகாமத்து மக்கள் இலட்சக்கணக்கில் தென்மராட்சி நோக்கி இடம்பெயர்ந்தபோது, பலருடைய வாழ்நாள் தேட்டம் ஒரு சைக்கிளில் ஏற்றக்கூடிய அளவாகச் சுருங்கியது.

ஆயினும் இதனை எளிய வாழ்வு என்று புகழ்வது தவறாகும். அது இல்லாமை, நம்மீது சுமத்தப்பட்டது. எளிமையோ, வாங்க வழியிருந்தும் "இது போதும்" என்று நாமே தீர்மானிப்பது. ஆகவே வறியவருக்கு எளிமையைப் போதிக்க எவருக்கும் உரிமையில்லை. அவருக்கு வேண்டியவை நீதியும் வருமானமுமே.

2009இல் போர் முடிந்து ஏ-9 வீதியும் திறந்தபின் பொருட்கள் வந்து குவிந்தன. அவற்றோடு லீசிங்கும் தவணைக் கடனும் வந்தன. நுண்கடன் சுமை எவ்வளவு முற்றியதென்றால், 2018இல் வறட்சி பாதித்த மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஓர் இலட்சம் ரூபாவுக்கு உட்பட்ட கடன்களுக்கு அரசாங்கமே நிவாரணம் அறிவிக்க நேர்ந்தது. கடன்பட்டோர் எல்லாரும் ஆடம்பரத்துக்காகக் கடன்படவில்லை; தொழிலுக்கும் வைத்தியத்துக்கும் பட்டோர் பலர். ஆனால் அயலவரைப் பார்த்துக் கட்டிய மதிலுக்கும், கடன் வாங்கி நடத்திய சாமத்தியச் சடங்குக்கும் அதே வட்டிதான். தவணை முடியும்வரை அப்பொருள் நமக்குச் சொந்தமல்ல. நாம்தான் அதற்குச் சொந்தம்.

நம் முன்னோர் ஒரு வழி வைத்திருந்தார்கள். அதுவே பங்குக் கிணறு. பல குடும்பங்களுக்கு ஒரே கிணறு. முறை வைத்து இறைத்தார்கள். சண்டையும் வழக்கும் வந்ததுண்டு. ஆயினும் ஒருவர் தனியாகத் தாங்க முடியாத செலவைப் பலர் சேர்ந்து தாங்கினார்கள். தண்ணீர்ப் பம்பி, மருந்து தெளிக்கும் கருவி, கிடாரம், கதிரைகள் ஆகியவற்றை வீட்டுக்கு வீடு வாங்காமல் சங்கத்துக்கு ஒன்றாக வைத்திருக்க இன்றும் இயலும்.

அடுத்த கூட்டத்தில் கலந்துரையாட:

1. சென்ற ஆண்டில் கடனுக்கு வாங்கிய பொருட்களில் எவை உழைப்புக்கு உதவின? எவை ஊர் பார்ப்பதற்காக வாங்கியவை?
2. நமது ஊரில் பொதுவில் வைத்திருக்கக்கூடிய மூன்று பொருட்கள் எவை? அவற்றை யார் பராமரிப்பது?
3. சடங்குச் செலவுக்கு ஒரு வரம்பு வைப்போமாயின், முதலில் தொடங்கவேண்டியவர்கள் வசதியுள்ளவர்கள் அல்லவா?