காபிக் காசு வந்தாலும் கடனை அடைக்கக் கூடாதாம்!

சேலத்துக்கு மேலே எங்கள் மலையில், கொட்டச்சேட்டில் காபிப் பழம் எடுத்து முடித்து, களம் காலியாகி, வியாபாரி கணக்குத் தீர்க்கும் மாதங்களில் ஒரு பேச்சு தவறாமல் கிளம்பிவிடும். "வூட்டுக் கடனை மட்டும் முன்னாடியே கட்டிராதீங்கண்ணா. இருக்கறதுலயே வட்டி கம்மியான கடன் அதுதான். அடைச்சா டேக்ஸ் சலுகை போயிரும்." டீக்கடையில் சொல்கிறார்கள். குப்பனூர் இறக்கத்தில் பஸ்ஸில் சொல்கிறார்கள். கல்யாணப் பந்தியில் இலை போடுவதற்குள் சொல்லி முடித்துவிடுகிறார்கள். இதைச் சொல்கிற யாரும் ஒரு துண்டுக் காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்ததாகத் தெரியவில்லை. வங்கியில் கடன் பிரிவில் உட்கார்ந்தே தலை நரைத்தவன் நான். காபிச் செடிக்குத் தண்டுத் துளைப்பான் எப்படியோ, இந்த மலையில் கடன் வாங்கி வீடு கட்டியவர்களுக்கு இந்தப் பேச்சு அப்படி. முதலில் வெளியே இலை பச்சையாகத்தான் இருக்கும்.

முதலில் அந்த வரிச் சலுகை யாருக்கு என்று பார்ப்போம். தோட்டத்துக் காபியைப் பழமாகவோ, களத்தில் காயவைத்த காபியாகவோ விற்கிறவரின் வருமானம் வேளாண் வருமானம். அதற்கு வருமான வரி கிடையாது. தோல் நீக்கித் தரம் பிரித்து, அதாவது க்யூரிங் செய்து விற்றால் வருமானத்தில் 25 சதவீதமும், வறுத்து அரைத்து விற்றால் 40 சதவீதமும்தான் வரிக் கணக்குக்கே வரும். சில்வர் ஓக் மரத்தில் ஏற்றிய மிளகுக்கும் இதே வேளாண் கணக்குதான். அப்படியானால் மூன்று ஏக்கர் காபியும் கொஞ்சம் மிளகும் வைத்திருப்பவர் எந்த வரியை மிச்சம் பிடிக்கக் கடனைக் கட்டாமல் வைத்திருக்கிறார்? வராத காய்ச்சலுக்கு ஆயுள் முழுக்க மாத்திரை சாப்பிடச் சொல்கிறார்கள். நாமும் தலையாட்டுகிறோம்.

"சரி, நான் வாத்தியார், எனக்குச் சம்பளம் வருதே" என்பவருக்கும் பதில் இருக்கிறது. குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழித்துக்கொள்ளலாம் என்பது பழைய வரி முறையில்தான். 2023-24 நிதியாண்டிலிருந்து, நீங்களாக வேண்டாம் என்று சொல்லாவிட்டால், புதிய முறைதான் உங்களுக்குப் பொருந்தும். அதில் குடியிருக்கும் வீட்டு வட்டிக்குக் கழிவே இல்லை. 2025-26 முதல் புதிய முறையில் 12 லட்சம் வரை வருமானம் உள்ளவருக்கு, சம்பளக்காரர் என்றால் 12.75 லட்சம் வரை, வரியே வராது. கழிவும் இல்லை, வரியும் இல்லை. இதில் எந்தச் சலுகை பறிபோகிறது?

பழைய முறையிலேயே இருக்கிறார் என்றே வையுங்கள். 20 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. முதல் ஆண்டு வட்டி மட்டும் ஏறக்குறைய 1,68,500 ரூபாய். 20 சதவீத வரிப் படியில் இருப்பவருக்கு அதனால் மிச்சமாகும் வரி, செஸ் சேர்த்து, 35,000 ரூபாய் சொச்சம். வங்கிக்கு ஒன்றரை லட்சத்துக்கு மேல் கொடுத்துவிட்டு, அரசிடமிருந்து முப்பத்தைந்தாயிரம் வாங்குவதற்குப் பெயர் சேமிப்பு!

இந்த 20 லட்சத்தை இன்னும் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். ஆள் ஏமாறும் இடமே இதுதான். மாதத் தவணை 17,356 ரூபாய். முதல் தவணை கட்டிய அன்று கணக்கு அறிக்கையை எடுத்துப் பாருங்கள். வட்டி என்று 14,167 ரூபாய் பற்று. அசலில் கழிவது 3,189 ரூபாய். ஐந்து வருடம் ஒரு மாதம் தவறாமல் 10 லட்சத்து 41 ஆயிரம் கட்டிய பிறகும் பாக்கி 17 லட்சத்து 62 ஆயிரம் நிற்கும். பத்தாவது வருட முடிவில் பாதித் தூரம் வந்துவிட்டோம் என்று நினைப்பீர்கள். பாக்கி 14 லட்சம்! அசல் பாதியாவது பதினான்காவது வருடத்தில்தான். இருபது வருடம் முடியும்போது கட்டியிருப்பது 41 லட்சத்து 65 ஆயிரம். 20 லட்சம் வீட்டுக்கு, 21 லட்சத்து 65 ஆயிரம் வட்டிக்கு.

இதில் வங்கியின் சூழ்ச்சி ஒன்றும் இல்லை. "பேங்க்காரன் மொதல்ல வட்டியப் பூரா எடுத்துக்கிறான்" என்று திட்டுவதும் தவறு. நிற்கிற பாக்கிக்கு அந்த மாத வட்டி, அவ்வளவுதான் கணக்கு. பாக்கி பெரிதாக இருக்கும்வரை வட்டியும் பெரிதாக இருக்கும். ஆகவே பாக்கியைச் சீக்கிரம் குறைக்கிறவருக்குத்தான் லாபம், அதுவும் முதல் சில வருடங்களில் குறைக்கிறவருக்கு. "முன்னாடியே கட்டாதே" என்ற உபதேசம் நேர் எதிர்த் திசையில் இழுக்கிறது.

நம் மலைக்காரருக்கு இங்கே ஒரு வசதி உண்டு. சம்பளக்காரருக்கு மாதம் பிறந்தால் ஒரே அளவு காசு. நமக்கு நவம்பர் தொடங்கி பிப்ரவரி வரை காபி, அதை ஒட்டியே மிளகு. காசு மொத்தமாக வருகிறது. அதில் வருடம் 50,000 ரூபாயை மட்டும் எடுத்து, தவணைக்கு மேல், கடன் கணக்கில் அசலுக்கென்று கட்டுங்கள். 20 வருடக் கடன் 13 வருடத்தில் முடிந்துவிடும். வட்டி 21.65 லட்சத்திலிருந்து 13 லட்சத்துச் சொச்சமாக இறங்கும். மிச்சம் எட்டு லட்சத்துக்கு மேல். இந்த எட்டு லட்சத்தைத்தான் அந்தப் பந்திப் பேச்சு நம் மடியிலிருந்து உருவிக்கொண்டு போகிறது. 2025 பிப்ரவரியில் நியூயார்க் சந்தையில் அராபிகா பவுண்டுக்கு 4 டாலரைத் தாண்டியது. அந்த மாதிரி விலை கிடைக்கும் வருடத்தில் கூடுதலாக ஒரு லட்சம் கட்டியவருக்கு இன்னும் பல மாதத் தவணை குறைந்திருக்கும். நம் ஆட்கள் என்ன செய்தார்கள்? வண்டி மாற்றினார்கள். நகை எடுத்தார்கள். சீட்டில் போட்டார்கள். கடன் மட்டும் பத்திரமாக இருக்கிறது.

இந்த வதந்தி எங்கிருந்து மலையேறியது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பெங்களூரில் வேலை பார்க்கும் பையன் பொங்கலுக்கு வந்தபோது விட்டுப்போன வாக்கு இது. அவனுக்கு அங்கே ஃபிளாட், 30 சதவீத வரிப் படி, பழைய வரி முறை. "கடனை அடைக்கிற காசை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் 12 சதவீதம் வரும்ப்பா" என்பான். வரலாம், வராமலும் போகலாம். சந்தை யாருக்கும் எழுதிக் கொடுப்பதில்லை. கடனை அடைத்தால் 8.5 சதவீதம் மிச்சமாவது மட்டும் உறுதி. எட்டரைக்கு மேல் உறுதியாகத் தருகிற வைப்புத்தொகையை ஏதாவது வங்கி அறிவித்தால் சொல்லுங்கள், நானும் வரிசையில் நிற்கிறேன்.

ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்கிறேன். கையில் இருக்கும் கடைசி ரூபாயையும் கடனில் கொட்டக் கூடாது. பூ மழை தவறினால் அடுத்த வருட மகசூல் போச்சு. ஆறு மாதத் தவணையும் வீட்டுச் செலவும் கையிருப்பில் வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுங்கள். வட்டிக் கடையிலோ அடகுக் கடையிலோ மாதம் இரண்டு வட்டிக்குக் கடன் இருந்தால் அதை முதலில் தீருங்கள். இதைத் தாண்டி "கட்டாதே" என்பதற்கு ஒரு நியாயமும் எனக்குத் தெரியவில்லை.

அடுத்த பேச்சு, "தவணை ஏறலை, அப்ப வட்டியும் ஏறலை." மாறும் வட்டிக் கடனில் இப்படி நினைத்தவர்கள் 2022-ல் நன்றாக மாட்டினார்கள். அந்த மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி, வங்கிகளுக்குத் தான் கடன் தரும் ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5-க்கு ஏற்றியது. 7 சதவீதத்தில் 20 லட்சம் வாங்கியவரின் தவணை 15,506. ஒன்றரை வருடம் கட்டிய பிறகு பாக்கி 19.27 லட்சம். வட்டி 9.5 ஆனதும் ஒரு மாத வட்டியே 15,258 ரூபாய். தவணையைத் தொடாமல் விட்டால் அசலுக்குப் போவது 248 ரூபாய்! இந்த வேகத்தில் கடன் தீர இன்னும் 43 வருடத்துக்கு மேல் ஆகும். பழைய காலக்கெடுவிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையைச் சுமார் 18,465 ஆக்க வேண்டும். வங்கிகள் பெரும்பாலும் சத்தமில்லாமல் மாதங்களைக் கூட்டின. வயது வரம்பு இடித்த இடத்தில்தான் தவணையை ஏற்றின. 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி, தவணையைக் கூட்டுவதா, மாதத்தைக் கூட்டுவதா, இரண்டும் கொஞ்சமா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என்று உத்தரவிட்டது. காலாண்டுக்கு ஒருமுறை இன்னும் எத்தனை தவணை பாக்கி என்றும் சொல்ல வேண்டும். 2025-ல் ரெப்போ இறங்கி ஜூனில் 5.5 ஆனது. உங்கள் கடனில் வட்டி இறங்கியதா, கூட்டிய மாதங்கள் திரும்பக் குறைந்தனவா என்று எத்தனை பேர் போய்க் கேட்டீர்கள்? 2019 அக்டோபருக்கு முன் வாங்கிய பழைய கடன் என்றால் அது பெரும்பாலும் ரெப்போவோடு கட்டப்பட்டிருக்காது. மாற்றிக் கொடுக்கச் சொல்லி நீங்கள்தான் எழுதிக் கொடுக்க வேண்டும்.

மற்றப் பேச்சுகளுக்கு இவ்வளவு இடம் தேவையில்லை. முன்கூட்டி அடைத்தால் அபராதம் என்பது பழங்கதை. தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு வங்கிகள் அப்படி வசூலிப்பதை ரிசர்வ் வங்கி 2012-லேயே நிறுத்திவிட்டது. "ஆயிரம் ரூபா பாக்கி வெச்சா பத்திரம் பேங்க் லாக்கர்லயே பத்திரமா இருக்கும்" என்று சொல்லும் புத்திசாலிகளும் உண்டு. கடனை முழுதாகத் தீர்த்து 30 நாளில் பத்திரத்தைத் திருப்பித் தராவிட்டால் வங்கி நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023 டிசம்பரிலிருந்து விதி. வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். கீழே சேலத்தில் "7 சதவீதம்தாங்க" என்று தனியார் ஃபைனான்ஸ்காரர் சொன்னால், பிளாட் வட்டியா, அதாவது பாக்கி குறைந்தாலும் முதலில் வாங்கிய முழு அசலுக்கே கடைசிவரை வட்டியா என்று கேளுங்கள். 10 லட்சத்துக்கு 10 வருடம், பிளாட் 7 சதவீதம் என்பது குறையும் பாக்கிக் கணக்கில் பதினொன்றரைக்கு மேல். கடனோடு இன்ஷூரன்ஸ் கட்டாயம் என்று சொல்லி அந்தப் பிரீமியத்தையும் கடனிலேயே ஏற்றுவார்கள். கட்டாயம் என்று ரிசர்வ் வங்கி எங்கும் சொல்லவில்லை. 60,000 ரூபாய் பிரீமியத்தை 8.5 சதவீதத்தில் 20 வருடம் கட்டினால் 1,25,000 ஆகும். தேவையென்றால் சாதாரண டேர்ம் பாலிசி தனியாக எடுங்கள். மழையில் சுவர் எழும்ப ஒரு வருடம் இழுக்கிற நம் மலையில், வீடு முடியும்வரை கட்டுகிற வட்டியில் அசல் ஒரு பைசா குறையாது என்பதையும் மறக்க வேண்டாம்.

இவ்வளவும் எழுதிய பிறகும் எனக்கு ஆத்திரம் அடங்காத விஷயம் வேறு. இந்தக் கணக்கு முழுவதும் கடன் வாங்கும் அன்றே ஒரு தாளில் கிடைக்க வேண்டியது. 2024 அக்டோபர் 1 முதல் தனிநபருக்குத் தரும் ஒவ்வொரு புதிய தவணைக் கடனுக்கும் முக்கிய விவரக் குறிப்பு ஒன்றைக் கையெழுத்துக்கு முன்பே தர வேண்டும். எல்லாக் கட்டணமும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி எவ்வளவு, மாதாமாதம் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு என்ற அட்டவணை, எல்லாம் அதில் இருக்கும். கடன் வாங்குபவருக்குப் புரிகிற மொழியில் தர வேண்டும் என்பதும் அந்த உத்தரவிலேயே இருக்கிறது. தமிழில் கேட்டால், "எல்லாருக்கும் இங்கிலீஷ்லதாங்க வருது" என்று தாளை நகர்த்திப் பென்சிலால் மூன்று இடத்தில் பெருக்கல் குறி போட்டுக் காட்டுவார்கள், கையெழுத்துப் போட. போடாதீர்கள். தமிழில் வேண்டும் என்று எழுதிக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் புகார் செய்யலாம். அதற்குக் கட்டணம் கிடையாது. விவரம் கேட்க 14448. பழைய கடன்காரர்களுக்கு அந்தக் குறிப்பு கிடைக்காது. ஆனால் அட்டவணையைக் கேட்க உங்களுக்கும் உரிமை உண்டு. இந்த வருடக் காபிப் பணத்தில் ஒரு பங்கைக் கட்டப் போகும்போது கேட்டு வாங்குங்கள். "தவணையைக் குறைக்க வேண்டாம், மாதத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். மாதம் குறைந்த புதிய அட்டவணை கைக்கு வந்த பிறகு பஸ் ஏறுங்கள்.