பேக்கப் இருக்கு, சரி… லைசென்ஸ் இருக்கா?

உறையூர் வெக்காளியம்மன் கோயில் பக்கத்தில் என் மாமா போட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கிறார். கல்யாண ஆர்டர்தான் முக்கியத் தொழில். போன வைகாசியில் கம்ப்யூட்டரின் ஹார்ட் டிஸ்க் போயிடுச்சு. "அதான் மாசியில நீ பேக்கப் சாஃப்ட்வேர் போட்டுக் குடுத்தியேடா, எடுத்துக் குடு" என்றார். நானும் தைரியமாகப் போனேன். வெளி டிஸ்க்கில் இருந்த கடைசி பேக்கப் இரண்டு மாதம் பழசு.

தப்பு என்னுடையது. நான் போட்டது 30 நாள் ட்ரயல். நாள் முடிந்ததும் அது வேலையை நிறுத்திவிட்டது. திரையின் ஓரத்தில் ஒரு சின்ன மெசேஜ் வந்துகொண்டே இருந்திருக்கிறது, மாமாவும் தினமும் அதை மூடிக்கொண்டே இருந்திருக்கிறார். வெக்காளியம்மன் கூரை இல்லாமல் இருப்பது ஊருக்கே தெரியும். மாமாவின் டேட்டாவும் இரண்டு மாதம் அப்படித்தான் இருந்தது, அது எங்கள் இரண்டு பேருக்குமே தெரியவில்லை. ஒரு கல்யாணத்துக்கு ஆல்பம் கொடுக்க வேண்டியிருந்தது. மெமரி கார்டையும் அழித்து அடுத்த ஆர்டருக்கு எடுத்துவிட்டார். கடைசியில் சொந்தக்காரர்கள் போனில் எடுத்த படங்களைக் கேட்டு வாங்கி ஆல்பம் போட்டோம். பெண் வீட்டார் திட்டவே இல்லை. அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது.

பேக்கப் சாஃப்ட்வேரின் லைசென்ஸும் பேக்கப்பில் ஒரு பகுதிதான் என்று அன்றைக்குத்தான் புரிந்தது. அப்புறம் உட்கார்ந்து படித்ததை இங்கே தருகிறேன்.

வாங்கும்போது

லைசென்ஸ் இரண்டு வகை. நிரந்தர லைசென்ஸுக்கு ஒரு தடவை பணம் கட்டினால் போதும், அந்த வெர்ஷன் ஓடிக்கொண்டே இருக்கும். புது வெர்ஷனுக்குத் தனிக் காசு. சந்தா என்றால் வருஷா வருஷம் கட்டணும். இப்போது பெரும்பாலும் சந்தாதான். அக்ரோனிஸ் கம்பெனியின் ட்ரூ இமேஜில் நிரந்தரமாகக் கிடைத்த கடைசி வெர்ஷன் 2021, அதற்குப் பிறகு சந்தா மட்டும்.

எதை வைத்துக் கணக்கு என்றும் பாருங்க. வீட்டு சாஃப்ட்வேருக்கு எத்தனை கம்ப்யூட்டர் என்பது கணக்கு. வீம், நம்ம சென்னை வெம்பு டெக்னாலஜிஸின் பிடிஆர்சூட் போன்ற ஆபீஸ் சாஃப்ட்வேர்களில் சர்வரின் சிபியு சாக்கெட், விர்ச்சுவல் மெஷின் என்று கணக்கு மாறும்.

ட்ரயல் வேறு, இலவசப் பதிப்பு வேறு. வீம் கம்யூனிட்டி எடிஷன் 10 மெஷின் வரை இலவசம். ஆனால் இலவசத்துக்கும் முடிவு வரலாம். மேக்ரியம் ரிஃப்ளெக்ட்டின் இலவசப் பதிப்பை நிறுத்திவிட்டார்கள், 2024 ஜனவரி 1-க்குப் பிறகு அதற்குப் பாதுகாப்பு அப்டேட் கிடையாது.

ஆக்டிவேட் பண்ணும்போது

சிலதில் கீ டைப் பண்ணணும், சிலதில் அக்கவுண்டில் லாகின் பண்ணணும். வீம் ஒரு லைசென்ஸ் ஃபைலே தரும். அதன் பெயர் எல், ஐ, சி என்ற மூன்று எழுத்தில் முடியும். பாலிசி மாதிரிதான், கட்டாமல் விட்டால் லேப்ஸ்!

பல சாஃப்ட்வேர்கள் உங்கள் மெஷினின் ஹார்ட்வேர் அடையாளத்தைக் கம்பெனி சர்வரில் பதிந்துகொள்ளும். மதர்போர்டு மாற்றினால் புது மெஷின் என்று நினைத்து "லைசென்ஸ் காலி" என்று சொல்லலாம். அதனால் ஃபார்மட் பண்ணுவதற்கு முன்னால் பழைய மெஷினில் டீஆக்டிவேட் செய்யுங்க. மெஷினே செத்துப்போனால், அக்கவுண்டில் உள்ள பட்டியலிலிருந்து அதை நீக்கவோ, லைசென்ஸைப் புது மெஷினுக்கு மாற்றவோ வழி இருக்கிறதா பாருங்க.

ஃபைனல் இயர்காரர்கள் கவனிக்க: காலேஜ் மெயில் ஐடியில் அக்கவுண்ட் திறக்காதீங்க. பாஸ் அவுட் ஆன பிறகு அந்த மெயில் இருக்கும் என்று நிச்சயமில்லை. கடைக்கு என்றால் கடைக்காரர் மெயிலில்தான் திறக்கணும், உங்கள் மெயிலில் வேண்டாம்.

தேதி முடிந்தால்

வாங்கும் முன்னால் கேட்க வேண்டிய முக்கியக் கேள்வி: லைசென்ஸ் முடிந்த பிறகு ரீஸ்டோர் நடக்குமா? வீம் சந்தா முடிந்தால் 30 நாள் அவகாசம் உண்டு. அதன் பிறகு புது பேக்கப் எடுக்காது, ஆனால் பழைய பேக்கப்பிலிருந்து ரீஸ்டோர் செய்யலாம். எல்லாரும் இப்படியே செய்வார்கள் என்று நம்பாதீங்க, விதிமுறையைப் படிங்க.

கிராக் போடலாமா?

வேண்டவே வேண்டாம். பேக்கப் சாஃப்ட்வேர் அட்மின் அனுமதியோடு எல்லா ஃபைலையும் படிக்கும். அந்த இடத்தில் கிராக்கை உட்கார வைப்பது திருடனிடம் சாவியைக் கொடுப்பதுதான். ஸ்டாப் என்ற ரான்சம்வேர் பரவியதே பெரும்பாலும் கிராக், கீஜென் வழியாகத்தான்.

காசில்லை என்றால் ரெஸ்டிக், போர்க், குளோன்ஜில்லா என்று ஓப்பன் சோர்ஸில் நல்லவை இருக்கின்றன. காலாவதி ஆகிற லைசென்ஸே கிடையாது. ஆனால் ரெஸ்டிக்கில் பாஸ்வேர்டு தொலைந்தால் பேக்கப்பும் தொலைந்தது. யாராலும் மீட்க முடியாது.

சுருக்கமாக

1. கீ, அக்கவுண்ட், பாஸ்வேர்டு மூன்றையும் அந்தக் கம்ப்யூட்டருக்கு வெளியே, பேப்பரில் எழுதி வைங்க.
2. முடியும் தேதிக்கு ஒரு மாதம் முன்னால் போனில் ரிமைண்டர் போடுங்க.
3. எந்த மெஷினில் எந்த லைசென்ஸ் என்று ஒரு பட்டியல் வைங்க.
4. மாதம் ஒரு தடவை ஒரு ஃபைலையாவது ரீஸ்டோர் செய்து பாருங்க. பச்சை டிக்கை மட்டும் நம்பாதீங்க.

மாமா கடையில் இப்போது ரெஸ்டிக் ஓடுகிறது. பாஸ்வேர்டு பீரோவில், நோட்டில் இருக்கிறது. ஒவ்வொரு அமாவாசைக்கும் கடைப் பூஜை முடிந்ததும் ஒரு பழைய போட்டோவை ரீஸ்டோர் செய்து எனக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பணும் என்பது எங்கள் ஏற்பாடு. போன அமாவாசைக்குப் போட்டோ வரவில்லை. உடனே போன் போட்டேன். "இருடா, இப்பத்தான் சூடம் காட்டுறேன்" என்றார். பத்து நிமிஷத்தில் வந்துவிட்டது.