தென்னையின் அடித்தண்டழுகல்: பங்கசை இனங்காணும் வகை

கிண்ணியாப் பகுதித் தென்னைச் செய்கையாளர்களுக்கு:

தென்னம்பிள்ளையை நட்டுப் பயன் காண ஆறேழு ஆண்டுகள் காத்திருக்கிறீர்கள். அவ்வாறு வளர்த்த மரத்தை அடியிலிருந்தே கெடுத்து வீழ்த்துவது அடித்தண்டழுகல் நோய். மரத்தை அழுகச் செய்யும் கனோடெர்மா என்னும் பங்கசு இதனை உண்டாக்குகின்றது. 1952 இல் தஞ்சாவூர் மாவட்டத்தில் காணப்பட்டமையால் தமிழ்நாட்டில் இது தஞ்சாவூர் வாடல் எனப் பெயர் பெற்றது. இலங்கையில் 1974 இல் பதிவாயிற்று. மணற்றரையும் நீண்ட வரட்சியும் இந்நோய்க்கு இடங்கொடுப்பவை. இவ்விரண்டும் நம் பகுதியில் உண்டு. ஆதலின் நோயை அறிந்திருத்தல் அவசியமாகும்.

பங்கசின் தோற்றம்

முதலில் மரத்தின் அடியில் வெண்ணிறக் குமிழ் போன்று தோன்றும். பின்னர் விசிறி போல விரிந்து, கட்டை போல் இறுகும். மேற்பக்கம் மெருகெண்ணெய் பூசியது போன்ற செங்கபிலப் பொருக்காகும். வளரும் விளிம்பு வெண்மையாக இருக்கும். வெளிறிய அடிப்பக்கத்தில் நுண்ணிய துளைகள் நிறைந்திருக்கும். அவற்றிலிருந்து கபிலநிற வித்தித்தூள் உதிரும்.

விறகிலும் வீழ்ந்த குற்றிகளிலும் படரும் மெல்லிய, தோல் போன்ற பங்கசுகள் வேறு. அவற்றைக் கண்டு அஞ்சவேண்டாம்.

முன்னறிகுறிகள்

பங்கசு வெளித்தோன்றும் வேளையில் மரத்தின் உட்பகுதி பெரிதும் அழுகியிருக்கும். ஆதலின் அதற்கு முன்பே பின்வருவனவற்றைக் கவனியுங்கள்:

1. அடிமட்டத்து ஓலைகள் மஞ்சளாகித் தண்டோடு தொங்குதல்.
2. குரும்பைகள் உதிர்தல்.
3. நிலமட்டத்திலிருந்து மேல்நோக்கிச் செங்கபிலச் சாறு கசிதல்.
4. வேர்கள் அழுகுதல்.

சாறு கசியும் மரமெல்லாம் இந்நோயுடையதன்று. தண்டுக் கசிவு நோயில் தண்டின் எப்பகுதியிலும் வெடிப்புகளிற் சாறு வடியலாம், வேர்கள் அழுகா. செவ்வண்டு தாக்கிய மரத்தில் துளைகளும் மென்ற நார்ச் சக்கையும் காணப்படும். வரட்சியால் வாடிய மரம் மழை பெய்ததும் தேறும்.

செய்யவேண்டியவை

1. நோயுற்ற மரத்திலிருந்து ஐந்தடி தள்ளிச் சுற்றிவர, ஓரடி அகலமும் இரண்டடி ஆழமுமான அகழி வெட்டுக. வேரோடு வேர் தொட்டு நோய் பரவுவதை அது தடுக்கும்.
2. நோய் மரத்தின் பாத்தியிலிருந்து நீர் பிற மரங்களுக்குப் பாய விடாதீர்.
3. தொடக்க நிலையிலுள்ள மரத்துக்கு ஒரு சதவீதப் போடோக் கலவை 40 லீற்றரை அடிமண்ணில் ஊற்றுக. ஆண்டுதோறும் மரமொன்றுக்கு 5 கிலோ வேப்பம் பிண்ணாக்கைத் தொழுவெருவுடன் இடுக.
4. பட்ட மரத்தைத் தறித்து, அடிக்கட்டையையும் வேர்களையும் தோண்டி எடுத்து எரித்துவிடுக. கட்டையை மண்ணில் விட்டால் பங்கசு அதிலேயே வாழ்ந்து அடுத்த மரத்தைப் பற்றும்.

பங்கசு வெளிவந்த மரம் பிழைப்பது அரிது. அதன் பக்கத்து மரங்களைக் காப்பது உங்கள் கையிலுள்ளது. மாரி மழை ஓய்ந்ததும் ஒவ்வொரு மரத்தின் அடியையும் சுற்றிப் பாருங்கள். ஐயம் தோன்றின் காலந்தாழ்த்தாது விவசாயப் போதனாசிரியருக்கு அறிவியுங்கள்.