குளிர்நீர் லைனில் வேலைக்குச் சேருகிறீர்களா?

வேளாண் பட்டயம், உணவுத் தொழில்நுட்பம், ஐ.டி.ஐ. குளிர்பதனப் பிரிவு என எதைப் படித்துவிட்டு வந்தாலும், காய்கறி பேக் ஹவுஸில் புதியவரை நிறுத்தும் இடங்களில் ஒன்று ஹைட்ரோ கூலர். பறித்து வந்த காயை 0 டிகிரியை ஒட்டிய குளிர்நீரில் நனைத்தோ முக்கியோ சூட்டை இறக்கும் இயந்திரம் அது. பார்க்க எளிது. ஒரு பக்கம் கிரேட் ஏறும், மறுபக்கம் இறங்கும். 'பட்டனைத் தட்டினால் ஓடுகிறது, இதில் கற்றுக்கொள்ள என்ன இருக்கிறது?' என்று நினைப்பவர் வருஷக்கணக்கில் அந்தப் பட்டன் பக்கத்திலேயே நிற்பார்.

மேலே போகிறவர் மூன்று எண்களைக் கவனிக்கிறார்: பறித்து எத்தனை மணி நேரம் ஆயிற்று, காயின் நடுவில் எத்தனை டிகிரி, தண்ணீரில் எவ்வளவு குளோரின். இந்த மூன்றில் ஒன்று தவறினாலும் லைனை நிறுத்தச் சொல்ல வேண்டியவர் நீங்கள். வேலையின் சாரம் இதுதான். மற்றதெல்லாம் இதற்கான பயிற்சி.

எதற்கு இந்த அவசரம்?

பறித்த பிறகும் காய் சுவாசிக்கிறது. தன் சர்க்கரையை எரிக்கிறது, சூட்டை வெளியிடுகிறது, நீரை இழக்கிறது. வெப்பம் 10 டிகிரி ஏறினால் இந்த வேகம் இரண்டு, மூன்று மடங்காகும். வயலில் இருந்து கொண்டுவரும் வெப்பத்தை 'வயல் சூடு' என்பார்கள். அதை எவ்வளவு சீக்கிரம் இறக்குகிறோமோ அவ்வளவு நாள் காய் தாங்கும்.

இதற்குச் சரியான சாட்சி ஸ்வீட் கார்ன். சாதாரண ரகக் கதிரைப் பறித்து 30 டிகிரியில் ஒரு நாள் போட்டு வைத்தால் சர்க்கரையில் பாதிக்கு மேல் மாவுச்சத்தாகிவிடும். 0 டிகிரியில் வைத்தால் அந்த இழப்பு சுமார் 6 சதவீதம்தான். வாங்குகிறவர் வாயில் வைத்ததும் தெரிந்துவிடும் வித்தியாசம் இது.

வெறும் கோல்டு ரூமில் அடுக்கினால் போதாதா? போதாது. கோல்டு ரூம் குளிர்ந்த காயைக் குளிராகவே வைத்திருக்கக் கட்டியது. சூடான சரக்கை அடுக்கினால் நடுவில் உள்ள கிரேட் குளிர மணிக்கணக்கில் ஆகும். காற்றைவிடத் தண்ணீர் பல மடங்கு வேகமாகச் சூட்டை வாங்கிக்கொள்ளும். வேகம் மட்டுமல்ல, தண்ணீரில் குளிரும்போது காய் எடை குறைவதில்லை. காற்றில் குளிர்வித்தால் கொஞ்சம் ஈரம் போய்விடும்.

எது இறங்கலாம், எது கூடாது?

நேர்காணலில் அநேகமாக வரும் முதல் கேள்வி இது. மூன்று வகையாகப் பிரித்து மனதில் வையுங்கள்.

தாராளமாக இறங்கலாம்: கேரட், முள்ளங்கி, பீட்ரூட், ஸ்வீட் கார்ன், பச்சைப் பட்டாணி, செலரி, அஸ்பராகஸ். பழங்களில் செர்ரி, பீச்.

நனையவே கூடாது: வெங்காயம், பூண்டு, ஸ்ட்ராபெர்ரி, திராட்சை, காளான். இவற்றில் ஈரம் பட்டால் பூஞ்சை வந்துவிடும். விசிறியால் குளிர்காற்றை கிரேட் வழியே இழுக்கும் முறைதான் இவற்றுக்கு.

நனையலாம், ஆனால் கடுங்குளிர் ஆகாது: தக்காளி, கத்தரி, வெள்ளரி, மாம்பழம். மாம்பழத்தை 13 டிகிரிக்கும், வெள்ளரியை 10 டிகிரிக்கும் கீழே வைத்திருந்தால் குளிர்க்காயம் வரும். தோலில் குழி, உள்ளே நீர்க்கோப்பு, பழுக்காமை. கொடுமை என்னவென்றால், குளிரில் இருக்கும்வரை ஒன்றும் தெரியாது. கடைக்குப் போய் வெளியே எடுத்த பிறகுதான் காட்டிக்கொடுக்கும். பழி உங்கள் லைன்மீது விழும்.

பெட்டியையும் பாருங்கள். அடியிலும் பக்கத்திலும் துளையுள்ள பிளாஸ்டிக் கிரேட் சரி. சாதாரண அட்டைப்பெட்டி தண்ணீர் பட்டதும் சொதசொதத்து உட்கார்ந்துவிடும்.

பாதிக் கணக்கு

காய் எவ்வளவு நேரம் தண்ணீரில் இருக்க வேண்டும் என்பதை ஊகத்தில் சொல்லாதீர்கள். அதற்கு ஒரு சுலபமான கணக்கு உண்டு. காயின் நடுச்சூட்டுக்கும் தண்ணீரின் சூட்டுக்கும் உள்ள வித்தியாசம் பாதியாகக் குறைய எடுக்கும் நேரத்தை முதலில் அளந்து கொள்ளுங்கள். அடுத்த பாதிக்கும் அதே நேரம்தான் ஆகும். அதற்கடுத்த பாதிக்கும் அதே.

ஒரு கேரட் 28 டிகிரியில் வருகிறது. தண்ணீர் 1 டிகிரி. வித்தியாசம் 27. ஒரு பாதி நேரம் முடிந்ததும் வித்தியாசம் 13.5, அதாவது கேரட் 14.5 டிகிரி. இரண்டாவது பாதியில் 7.75. மூன்றாவதில் 4.4. அந்தப் பாதி நேரம் 5 நிமிடம் என்று வைத்துக்கொண்டால், 15 நிமிடத்தில் வேலை முடிந்தது. எட்டில் ஏழு பங்குச் சூடு இறங்கியதும் எடுத்துவிடுவதுதான் தொழிலில் பொதுவான வழக்கம். மிச்சத்தைக் கோல்டு ரூம் பார்த்துக்கொள்ளும். இன்னும் இரண்டரை டிகிரி இறக்க இன்னும் பத்து நிமிடம் வைத்தால் லைன் அடைபடும், கரண்ட் பில் ஏறும்.

பருத்த காய்க்கு நேரம் கூடும், ஒல்லிக்குக் குறையும். தரம் பிரித்த ஒவ்வொரு அளவுக்கும் தனித்தனியாக அளந்து சுவரில் எழுதி ஒட்டுங்கள். அளக்கும்போது தெர்மாமீட்டரின் ஊசி காயின் நடுவரை போக வேண்டும். தோலைத் தொட்டு எடுத்த அளவுக்கு மதிப்பில்லை. கிரேட்டின் மேலடுக்கில் எடுக்காமல் நடுவில் கையை விட்டு எடுங்கள். தண்ணீர் கடைசியாகப் போய்ச் சேரும் இடம் அது. ஊசி தெர்மாமீட்டரை ஷிப்ட் தொடக்கத்தில் நொறுக்கிய ஐஸும் தண்ணீரும் கலந்த குவளையில் வைத்துப் பாருங்கள். 0 காட்டாவிட்டால் அதை ஓரம் வைத்துவிட்டு வேறு எடுங்கள்.

சில்லர் தாங்குமா?

'இன்னைக்கு இரண்டு லோடு கூடுதலாக வருது, ஓட்டிடலாமா?' என்று சூபர்வைசர் கேட்பார். ஆமாம் என்று சொல்லுமுன் கணக்குப் போடுங்கள். ஒரு டன் கேரட்டை 28-இலிருந்து 4 டிகிரிக்கு இறக்க வேண்டும். ஒரு கிலோ கேரட்டை ஒரு டிகிரி இறக்க ஏறக்குறைய 3.8 கிலோ ஜூல் வெளியேற வேண்டும். ஆக 1,000 × 3.8 × 24, சுமார் 91,000 கிலோ ஜூல். இதை ஒரு மணி நேரத்தில் செய்ய, தண்ணீரைக் குளிர்விக்கும் சில்லருக்கு 7.2 குளிர்பதன டன் திறன் தேவை. ஐஸாகப் போட்டால் சுமார் 273 கிலோ.

இது காகிதக் கணக்கு. பம்ப் தரும் சூடு, திறந்த தொட்டி, வெயிலில் கிடந்த கிரேட், மூடாத கதவு எல்லாம் சேர்ந்து இதன்மேல் கணிசமாக ஏறும். சில்லரின் அளவுக்கு மேல் சரக்கை ஏற்றினால் தொட்டித் தண்ணீர் 1 டிகிரியிலிருந்து மெல்ல 5, 6 என்று ஏறும். அப்போது சுவரில் ஒட்டிய நேரம் எதுவும் பொருந்தாது. தண்ணீரின் சூடு ஏறினால் பெல்ட்டின் வேகத்தைக் குறைக்க வேண்டும். அல்லது லோடை நிழலில் நிறுத்த வேண்டும். இரண்டையும் செய்யாமல் 'ஓடட்டும்' என்பது சரக்கை நனைத்து அனுப்புவது மட்டுமே.

ஆபத்து தண்ணீரில்தான்

சூடான காய் குளிர்நீரில் இறங்கும்போது அதன் உள்ளே இருக்கும் காற்று சுருங்குகிறது. காம்பு வழியாகவும் கீறல் வழியாகவும் வெளித் தண்ணீர் உள்ளே இழுக்கப்படுகிறது. தண்ணீரில் கிருமி இருந்தால் அதுவும் உள்ளே போகிறது. பிறகு எவ்வளவு கழுவினாலும் வராது.

1999 கடைசியில் அமெரிக்காவில் 13 மாநிலங்களில் 78 பேருக்கு ஒரே வகை சால்மோனெல்லா தொற்று வந்தது, இருவர் இறந்தார்கள். விசாரணை பிரேசிலில் ஒரு மாம்பழப் பண்ணையில் போய் நின்றது. பழ ஈயை ஒழிக்க வெந்நீரில் முக்கி, அடுத்து குளிர்ந்த தண்ணீரில் ஆற்றும் அந்த இடத்தில்தான் கிருமி புகுந்திருக்க வேண்டும் என்று சந்தேகம் விழுந்தது. பூச்சியைத் தடுக்கச் செய்த ஏற்பாடே நோயைப் பரப்பும் வழியாகியிருக்கலாம்.

ஹைட்ரோ கூலரில் ஒரே தண்ணீர்தான் சுற்றிச் சுற்றி வரும். ஒரு கிரேட்டில் அழுகல் இருந்தால் அன்றைய மொத்தச் சரக்குக்கும் அது பரிமாறப்படும். அதனால் இவை பழக்கமாக வேண்டும்:

• மண்ணோடு வரும் கேரட்டை முதலில் தனியாகக் கழுவி, பிறகே குளிர்நீருக்கு அனுப்புங்கள். மண்ணும் தழையும் குளோரினைத் தின்றுவிடும்.

• தனிக் குளோரின் பெரும்பாலும் 100 முதல் 150 பி.பி.எம். வரை வைக்கப்படுகிறது. உங்கள் நிறுவனத்தின் எழுத்து விதி என்ன சொல்கிறதோ அதைப் பின்பற்றுங்கள். நீச்சல்குளத்துக்கான சோதனைப் பட்டை சிறிய அளவுகளையே காட்டும், 200 பி.பி.எம். வரை காட்டும் பட்டை கேட்டு வாங்குங்கள்.

• பி.எச். 6.5-க்கும் 7.5-க்கும் நடுவில் இருக்கட்டும். 8-ஐத் தாண்டினால் குளோரின் இருந்தும் கிருமியைக் கொல்லும் வலு குறைந்துவிடும். 6-க்குக் கீழே போனால் வாயு கிளம்பி கண் எரியும்.

• நாள்தோறும் தொட்டியைக் காலி செய்து தேய்த்துக் கழுவி, குடிக்கத்தக்க தண்ணீரை நிரப்புங்கள். நேற்றைய தண்ணீர் குளிராக இருக்கிறதே என்று அதையே ஓட்டச் சொன்னால் மறுத்துவிடுங்கள்.

ஒரு ஷிப்ட் எப்படிப் போக வேண்டும்?

தொடக்கத்தில் தெர்மாமீட்டர், தண்ணீர்ச் சூடு, குளோரின், பி.எச். நான்கையும் பார்த்துப் பதிவேட்டில் எழுதிய பிறகே முதல் கிரேட். வரும் ஒவ்வொரு லோடுக்கும் பறித்த நேரம், வந்த நேரம், நடுச்சூடு. செர்ரி போன்ற பழத்துக்குப் பறித்த 4 மணி நேரத்துக்குள் குளிர்விப்பது நல்ல அளவு. ஓடும்போது மணிக்கு ஒரு தடவையாவது தண்ணீரை மறுபடி சோதியுங்கள். ஷவர் தலைகள் அடைத்திருக்கிறதா, தழை சல்லடை நிறைந்துவிட்டதா என்று பாருங்கள். ஷவர் 20 சென்டிமீட்டருக்கு மேல் உயரத்திலிருந்து விழுந்தால் மென்மையான காயில் அடிபடும்.

வெளியே வந்த கிரேட் நேராகக் கோல்டு ரூமுக்குப் போக வேண்டும். லோடிங் மேடையில் டீ முடியும்வரை நின்றால் இறக்கிய சூடு திரும்ப ஏறும். கேரட்டை 0 டிகிரியிலும் 98 சதவீத ஈரப்பதத்திலும் வைத்தால் மாதக்கணக்கில் நிற்கும். அதே அறையில் ஆப்பிளை அடுக்காதீர்கள். ஆப்பிள் விடும் எத்திலீன் பட்டு கேரட் கசந்துவிடும்.

பதிவேட்டில் நடந்ததை மட்டும் எழுதுங்கள். ஷிப்ட் முடிவில் உட்கார்ந்து எல்லா மணிக்கும் குளோரின் '120, 120, 120' என்று நிரப்பிய பக்கத்தைத் தணிக்கைக்காரர் பார்த்ததுமே கண்டுபிடித்துவிடுவார். நிஜமான தண்ணீரில் எண் ஏறி இறங்கிக்கொண்டுதான் இருக்கும்.

உங்கள் உடம்பு

ஈரத்தரை, மின்பம்ப், குளிர்ந்த கை; மூன்றும் சேர்ந்த இடம் இது. ரப்பர் பூட்ஸும் கையுறையும் கேட்டு வாங்குங்கள். குளோரினையும் அமிலத்தையும் ஒரே வாளியில் ஊற்றவே கூடாது. பெரிய ஆலைகளில் குளிரூட்டும் குழாய்களில் அமோனியா ஓடும். நெடி வந்தால் எந்த வாசல் வழியே வெளியேற வேண்டும் என்பதை முதல் நாளே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். பெல்ட்டில் தழை சிக்கினால், மெயின் சுவிட்சை அணைத்துவிட்டுத்தான் கை வைக்க வேண்டும்.

படிப்பும் படிகளும்

கோயம்புத்தூர் தமிழ்நாடு வேளாண் பல்கலைக்கழகத்திலும் தஞ்சாவூர் நிஃப்டெம் நிறுவனத்திலும் அறுவடைக்குப் பின்னான தொழில்நுட்பம் சொல்லித் தருகிறார்கள். சில்லர் பக்கம் போக விரும்பினால் இரண்டு வருட ஐ.டி.ஐ. குளிர்பதன மெக்கானிக் படிப்பு நல்ல வாசல். உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 'ஃபோஸ்டாக்' பயிற்சியை எப்படியும் முடித்துவிடுங்கள். உணவைக் கையாளும் 25 பேருக்குப் பயிற்சி பெற்ற ஒரு மேற்பார்வையாளர் என்பது அதன் அளவுகோல். அந்த ஒருவராக நீங்கள் இருந்தால் உங்களைத் தவிர்ப்பது கஷ்டம். ஏற்றுமதி பேக் ஹவுஸ் என்றால், வேளாண் ஏற்றுமதி அமைப்பான அபீடாவின் அங்கீகார விதிகளையும் வாசித்துவிட்டுப் போங்கள்.

படி ஏறும் வழி வழக்கமாக இப்படி: லைன் உதவியாளர், ஆபரேட்டர், தரக்கட்டுப்பாடு, ஷிப்ட் சூபர்வைசர், பேக் ஹவுஸ் மேலாளர். ஆபரேட்டரிலிருந்து தரக்கட்டுப்பாட்டுக்குத் தாண்டும் இடத்தில்தான் மேலே சொன்ன கணக்குகள் உங்களுக்குக் கைகொடுக்கும்.

சேருமுன் நீங்கள் கேளுங்கள்

நேர்காணல் இரு பக்கமும் நடக்க வேண்டியது. தண்ணீரை எப்போது மாற்றுகிறீர்கள்? நேற்றைய பதிவேட்டைக் காட்ட முடியுமா? எண் தவறினால் லைனை நிறுத்த ஆபரேட்டருக்கு அதிகாரம் உண்டா? சரக்கு குளிர்சாதன லாரியில் போகிறதா, சாதா லாரியிலா? கடைசிக் கேள்வி முக்கியம். ஊட்டி மலையில் 4 டிகிரிக்கு இறக்கிய கேரட்டைச் சாக்கில் கட்டி, தார்ப்பாய் போட்ட லாரியில் மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறக்கினால், மலையடிவாரச் சூடு அதன்மேல் ஏறிவிடும். குளிர்வித்த செலவு அத்தனையும் வீண். அப்படிப்பட்ட இடத்தில் நீங்கள் எவ்வளவு திறமையாக வேலை செய்தாலும் பலன் தெரியாது.

பதில் சொல்லத் தயங்கும் நிறுவனத்தில் அனுபவத்துக்காகக் கொஞ்ச காலம் இருக்கலாம். வேர் விட வேண்டாம். ஊசி தெர்மாமீட்டர் ஒன்றைச் சொந்தக் காசில் வாங்கிச் சட்டைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். காயின் நடுச்சூட்டைக் கேட்டவுடன் சொல்லத் தெரிந்த ஆளை எந்த நல்ல பேக் ஹவுஸும் எளிதில் விடாது.