கிணற்றுக் குளியலுக்கு ஒரு வாட்ச்

கேள்வி: கிணற்றில் குளிப்பேன், பௌர்ணமிக்குக் கிரிவலப் பாதையில் கடை போடுவேன். கழற்றாமல் கட்டிக்கொள்ள, விலை அதிகமில்லாத ஆட்டோமேட்டிக் டைவ் வாட்ச் எது?
– வாசகர், அடி அண்ணாமலை

பதில்: ஓரியன்ட் கமாசுவைப் பாருங்கள். 200 மீட்டர் ஆழத்தின் அழுத்தம் தாங்கும். கண்ணாடி சஃபையர் என்பதால் லேசில் கீறல் விழாது. சாவியைத் திருகி மூடலாம். இந்தச் சாவியில்தான் எல்லாம் இருக்கிறது. நேரம் திருத்திவிட்டு அதை முழுசாகத் திருகாமல் கிணற்றில் குதித்தால், 200 மீட்டர் என்பது வெறும் எழுத்துதான். கண்ணாடியின் உள்பக்கம் ஆவி படிந்தால் உடனே கடைக்குக் கொண்டுபோங்கள், வெயிலில் காயவைத்துப் பார்க்காதீர்கள்.

இப்போது வரும் சீக்கோ 5 ஸ்போர்ட்ஸ் பார்வைக்கு டைவ் வாட்ச்தான். ஆனால் பெரும்பாலான மாடல்களில் 100 மீட்டர், சாவியும் திருகுவதில்லை. மழைக்கும் வியர்வைக்கும் அது தாராளம். தினசரி கிணறு என்றால் நான் கமாசு பக்கம்தான்.

தோல் பட்டை வேண்டவே வேண்டாம், நாறிவிடும். ரப்பர் போடுங்கள். ஆட்டோமேட்டிக் என்றால் நாளொன்றுக்குச் சில வினாடிகள் முன்பின் ஆவது சகஜம். கழற்றி வைத்தால் 40 மணி நேரம் போல ஓடி நிற்கும். பின்மூடியைத் திறந்து சர்வீஸ் செய்தால், ரப்பர் வளையத்தை மாற்றித் தண்ணீர்ச் சோதனையும் செய்யச் சொல்லிக் கேளுங்கள்.